சுவரையும் ஒரு பிரதிவாதியாகச் சேர்க்கக் கோரி

எங்கள் ஊர் உரிமையியல் நீதிமன்றத்தின் சமூகத்துக்கு, பொதுச்சுவர் வழக்கின் வாதி, அதாவது காலஞ்சென்ற வாதியின் வாரிசு வாதி, பணிந்து எழுதிக்கொள்வது.

என் தாத்தாவின் கிரயப் பத்திரத்தில் "வடக்குச் சுவர் பொது" என்று இருக்கிறது. பக்கத்து வீட்டாரின் பத்திரத்தில் "தென்சுவர் பாத்தியம் உள்பட" என்று இருக்கிறது. இரண்டும் ஒரே சுவர்தான். ஒன்பது அங்குலச் செங்கல், சுண்ணாம்புக் காரை. மாடிக்கு உத்திரம் ஏற்ற அவர்கள் அதில் ஓட்டை போட்டார்கள், என் அப்பா பிராது கொடுத்தார். இப்போதுள்ள நிலையே நீடிக்க வேண்டும் என்று தாங்கள் உத்தரவிட்டீர்கள். அன்றுமுதல் நாங்கள் பூசவில்லை, அவர்கள் ஓட்டையை அடைக்கவில்லை. உத்தரவை மீறுவது சுவர் ஒன்றுதான்.

ஒவ்வொரு ஐப்பசி மழைக்கும் அது கொஞ்சம் வடக்கே சாய்கிறது. சாய்ந்த பக்கமே பாத்தியம் என்று அவர்கள் கூடுதல் எதிருரை போட்டிருக்கிறார்கள். விரிசலில் அரசங்கன்று ஒன்று முளைத்திருக்கிறது. பிடுங்கினால் நீதிமன்ற அவமதிப்பு என்கிறார் என் வக்கீல். அது பாட்டுக்கு வளர்கிறது.

சர்வேயரைக் கூப்பிடலாமே என்பீர்கள். கூப்பிட்டோம். பழைய புலப்படம் லிங்க் கணக்கில் இருக்கிறது. ஒரு லிங்க் 7.92 அங்குலம். எட்மண்ட் கன்டர் என்ற ஆங்கிலேயர் 17ஆம் நூற்றாண்டில் நிலம் அளக்கக் கண்ட சங்கிலியின் கண்ணி அது. எங்கள் சுவர் அந்தக் கணக்கில் ஒரு கண்ணியும் கொசுறும். வழக்கே அந்தக் கொசுறுக்குத்தான்.

1908ஆம் ஆண்டு உரிமையியல் விசாரணை முறைச் சட்டம், கட்டளை 26, விதி 9இன்படி தாங்கள் அனுப்பிய வழக்கறிஞர் ஆணையர் டேப்போடு வந்தார். யார் வீட்டில் காபி குடித்தாலும் ஒருதலைப்பட்சம் என்று பேச்சு வரும். அதனால் தெருமுனைக் கடையில் டீ குடித்தார். காசை இரு வீட்டாரும் பாதிப் பாதி கொடுத்தோம். இந்த வழக்கில் இதுவரை ஏற்பட்ட ஒரே சமரசம் அது. அறிக்கையில் துணிக்கொடி ஆணியைக்கூட விடாமல் குறித்திருந்தார். அந்த ஆணி யார் அடித்தது என்று இரு தரப்பும் ஆட்சேபணை தாக்கல் செய்தோம்.

பிறகு அப்பா காலமானார். 90 நாளுக்குள் வாரிசுகளைச் சேர்க்க வேண்டுமாம். கருமாதி முடிந்து முதல் நடை வக்கீல் வீட்டுக்குத்தான். அந்தப் பக்கத்துப் பெரியவரும் போய்ச் சேர்ந்தார். அவருடைய வாரிசுகளில் ஒருவர் மெல்போர்னில் இருக்கிறார். சுவரை வாட்ஸாப்பில் பார்த்திருக்கிறார். அவருக்குச் சம்மன் சேரும்வரை வாய்தா.

ஆகவே, கட்டளை 1, விதி 10இன்படி சுவரையும் பிரதிவாதியாகச் சேர்க்க வேண்டுகிறேன். சார்வு செய்வதில் சிரமம் இராது. சம்மனை வாங்க மறுப்பவர் வீட்டில் கண்ணில் படும் இடத்தில் ஒட்டலாம் என்கிறது கட்டளை 5, விதி 17. அமீனா எந்தப் பக்கம் ஒட்ட வேண்டும் என்பதை மட்டும் தாங்களே சொல்லிவிடுங்கள். தென்பக்கம் ஒட்டினால் அதையே என் அனுபோகத்துக்குச் சான்றாக்கிவிடுவேன் என்று அவர்கள் மனுப் போடுவார்கள். போட்டால் தப்பில்லை, எனக்கும் அந்த யோசனை இருக்கிறது.

தீர்ப்புக்கு முன்பே பிரதிவாதிச் சுவர் விழுந்துவிட்டால், செங்கற்களைப் பாகம் பிரிக்கத் தனி வழக்குப் போடும் உரிமையை எனக்கு ஒதுக்கிவைத்து, செலவுத்தொகையுடன் உத்தரவிடப் பிரார்த்திக்கிறேன்.