பெட்டியில் ஒரு பெயர், உள்ளே ஒரு சிப்

பழைய விண்டோஸ் எக்ஸ்பி கணினிக்கு வைஃபை டிரைவர் கிடைக்காவிட்டால் எல்லோரும் எக்ஸ்பியின் வயதைத்தான் திட்டுகிறார்கள். 2001-இல் பிறந்தது, 2014 ஏப்ரலில் மைக்ரோசாஃப்டே கைகழுவியது. திருப்பித் திட்டாத கிழவர்மேல் பழி போடுவது சுலபம். என் கட்சி வேறு: முதல் குற்றவாளி அடாப்டர் வந்த அட்டைப்பெட்டி. டிபி-லிங்க் டிஎல்-டபிள்யூஎன்722என் (ஒரே மூச்சில் சொன்னவர்களுக்கு அடாப்டரை இலவசமாகவே தரலாம்) முதல் பதிப்பில் அதெராஸ் சிப்போடு வந்தது. இரண்டாம் பதிப்பில் ரியல்டெக் குடியேறிவிட்டது. பெயர் மட்டும் அதேதான். டி-லிங்க் டிடபிள்யூஎல்-ஜி122-இலும் ஏ, பி, சி என்று பதிப்புக்குப் பதிப்பு சிப் வேறு. ஒன்றின் டிரைவரை மற்றது சீண்டாது. மாடல் பெயரை வைத்து டிரைவர் தேடுவது, ஜாதகத்தைப் பிரிக்காமலே முகூர்த்தம் குறிப்பதுதான். அந்த ஜாதகமோ டிவைஸ் மேனேஜரிலேயே இருக்கிறது. மஞ்சள் ஆச்சரியக்குறியோடு நிற்கும் சாதனத்தின் விவரங்களில் விஐடி, பிஐடி என்று நான்கு நான்கு எழுத்தாக இரண்டு எண்கள். டிரைவரோடு வரும் ஐஎன்எஃப் கோப்பு வெறும் எழுத்துக் கோப்பு. நோட்பேடில் திறந்து அந்த எண்களைத் தேடலாம். அவை அதில் இல்லையென்றால் எத்தனை முறை ரீஸ்டார்ட் செய்தாலும் ஆச்சரியக்குறி ஆச்சரியப்பட்டுக்கொண்டேதான் இருக்கும்.

"அதற்குத்தான் டிரைவர் தேடித் தரும் மென்பொருள் இருக்கிறதே?" இருக்கிறது. இன்டர்நெட் வருவதற்கு அது முதலில் இன்டர்நெட் கேட்கும். வரும்போது அழையாத விருந்தாளிகள் சிலரையும் கூட்டிவரும். "கணினியையே தூக்கிப் போடலாமே?" போடலாம், எக்ஸ்பியோடு மட்டும் பேசுகிற ஸ்கேனரும் பட்டறை இயந்திரமும் சம்மதித்தால். மூன்றாவது ஆட்சேபம்தான் கனமானது: பாதுகாப்பு. இங்கே கிழவர்மேலும் குற்றம் உண்டு. வைஃபை பாதுகாப்பு முறையான டபிள்யூபிஏ2, தனி அப்டேட் இல்லாமல் அவருக்குக் கைவந்ததே 2008-இன் சர்வீஸ் பேக் 3-இல்தான். 2018-இல் வந்த டபிள்யூபிஏ3 அவருக்குத் தெரியவே தெரியாது. சரியான டிரைவர் கிடைத்தாலும், டபிள்யூபிஏ3 மட்டும் கேட்கிற ரவுட்டர் அவரை வாசலிலேயே நிறுத்திவிடும். ஒருவருக்காக வீட்டு ரவுட்டரின் பாதுகாப்பையே தளர்த்துவது எனக்குச் சம்மதமில்லை. அதைவிட, கிளையன்ட் மோட் உள்ள சின்ன ரவுட்டர் ஒன்றை வாங்கி லேன் கேபிளால் கணினியோடு இணைத்துவிடலாம். வைஃபை அந்த ரவுட்டரின் தலைவலி. எக்ஸ்பிக்குத் தெரிந்ததெல்லாம் ஒரு கேபிள். வைஃபை டிரைவரே வேண்டாம். வீட்டுக்குள் பிரின்டரோடும் ஃபைல்களோடும் பேசட்டும். அவருக்கு வெளியுலக இன்டர்நெட்டை மட்டும் வீட்டு ரவுட்டரிலேயே அடைத்துவிட வேண்டும்.