கும்பிடலாம், ஏந்தக்கூடாது

ஆயுத பூஜையன்று ஸ்ரீபெரும்புதூரிலிருந்து ஒரகடம் வரை ஒரு சுற்றுப் போய்ப் பாருங்கள். கம்பெனி வாசலெல்லாம் வாழைமரம். லேத்துக்குச் சந்தனம், ஸ்பேனருக்குக் குங்குமம், ஃபோர்க்லிஃப்ட்டுக்கு மாலை. வெளிநாட்டு மேனேஜர்கூட ஷூவைக் கழற்றிவிட்டுக் கையெடுத்துக் கும்பிடுவார். ரோபோவுக்கும் பொட்டு உண்டு; நெற்றி எது என்று தேடித்தான் வைக்க வேண்டும். பூசணிக்காய் உடைபடும். தொழிலாளி கையில் ஒரு பொட்டலம் பொரி, ஒரு ஸ்வீட் பாக்கெட்.

அன்றைக்கு எல்லா ஆயுதத்துக்கும் மரியாதை. ஒன்றே ஒன்றை மட்டும் செக்யூரிட்டி உள்ளே விடமாட்டார். அது இரும்பு இல்லை. எண்ணெய் போட வேண்டாம், சாணை பிடிக்க வேண்டாம். அரசாங்க முத்திரை குத்திய ஒற்றைத் தாள். சங்கப் பதிவுச் சான்றிதழ்.

அந்தத் தாளில் அப்படி என்ன மந்திரம் எழுதியிருக்கிறதோ தெரியவில்லை. உலகம் முழுக்க ஃபிரிட்ஜும் டிவியும் விற்கிற நிறுவனம் அதைக் கண்டு மிரண்டது. 2024 செப்டம்பர் 9 அன்று சுங்குவார்சத்திரம் சாம்சங் ஆலையில் ஆயிரத்துக்கும் மேற்பட்டோர் வேலையை நிறுத்திவிட்டு வெளியே வந்து உட்கார்ந்தார்கள். சம்பள உயர்வு கேட்டார்கள். அதைப் பேசித் தீர்த்திருக்கலாம். சங்கத்தை அங்கீகரி என்றும் கேட்டார்களே, அங்கேதான் வந்தது வினை.

சங்கத்தின் பெயரில் எங்கள் பெயர் வரக்கூடாது என்றது கம்பெனி. தொழிலாளியின் சட்டையில் அந்தப் பெயர் இருக்கலாம். கழுத்தில் தொங்கும் அட்டையில் இருக்கலாம். சங்கத்தின் நெற்றியில் மட்டும் இருந்தால் தீட்டு.

இந்தக் கூத்துக்கு அரசாங்கம் வாசித்த பக்கவாத்தியம் இருக்கிறதே, அதுதான் உச்சம். முதலீட்டாளருக்கு ஒற்றைச் சாளரம். ஒரே ஜன்னலில் தண்ணீர், மின்சாரம், நிலம், சலுகை எல்லாம் கிடைக்கும். தொழிலாளி போய் நின்றால் அந்த ஜன்னலுக்கும் தாழ்ப்பாள். தொழிற்சங்கச் சட்டப்படி பதிவாளர் பார்க்க வேண்டியது விண்ணப்பத்தை; முதலாளியின் முகத்தை அல்ல. நம் அலுவலகத்தில் முகம் பார்த்து முடிய ஏறக்குறைய ஏழு மாதம் ஆனது.

நடுவில் மூன்று அமைச்சர்கள் பஞ்சாயத்துக்கு வந்தார்கள். வேலைநிறுத்தம் செய்யாதவர்களோடு கம்பெனி ஓர் ஒப்பந்தம் போட்டது. அதைக் காட்டி, வேலைநிறுத்தம் செய்தவர்களைத் திரும்பப் போகச் சொன்னார்கள். எவ்வளவு நேர்த்தி! மாதம் 5,000 ரூபாய் ஊக்கத்தொகை, ஏசி பஸ் என்று பட்டியல் வாசித்தார்கள். பஸ்ஸுக்குள் குளிர்காற்று வரலாம். ஆலைக்குள் சங்கம் வரக்கூடாது.

பட்டியல் எடுபடவில்லை. போலீஸ் வந்தது. ராத்திரியோடு ராத்திரியாக வீடு தேடிப் போய்க் கைது. மறுநாள் போராட்டப் பந்தலையும் பிரித்துப் போட்டார்கள்.

அமெரிக்காக்காரனுக்குத் துப்பாக்கி வைத்துக்கொள்ள அரசியல் சாசனத்திலேயே உரிமை இருக்கிறது. நம் சாசனம் நமக்குத் துப்பாக்கி தரவில்லை; நல்ல வேளை. 19ஆவது பிரிவு வேறு இரண்டைத் தந்தது. ஆயுதமில்லாமல் அமைதியாகக் கூடலாம். சங்கம் அமைக்கலாம். சுங்குவார்சத்திரத்தில் இந்த இரண்டையும்தான் செய்தார்கள். ஆயுதம் என்று அங்கே இருந்தது நாலு மூங்கிலும் ஒரு துணியும்.

அந்த ஆண்டு ஆயுத பூஜை அக்டோபர் 11. வேலைநிறுத்தத்தின் 33ஆவது நாள். தொழிற்பேட்டையில் மெஷின்களுக்குக் கற்பூரம் காட்டிக்கொண்டிருந்தபோது, அந்த மெஷின்களை ஓட்டுகிறவர்கள் தெருவில் இருந்தார்கள்.

இந்த ஊருக்கு இது புதுக்கதையும் இல்லை. 1918இல் சென்னையில் தொடங்கி, வாடியாவும் திரு.வி.க.வும் நின்று நடத்திய சென்னைத் தொழிலாளர் சங்கத்தைப் பொறுக்கமுடியாமல் பின்னி கம்பெனி உயர் நீதிமன்றத்துக்கு ஓடியது. வாடியாவுக்கு எதிராகத் தடையுத்தரவும் வாங்கியது. அந்த வழக்கு கிளப்பிய எதிர்ப்பில்தான் 1926இல் தொழிற்சங்கச் சட்டமே பிறந்தது. சட்டம் பிறக்கக் காரணமான மண்ணில், வெள்ளைக்காரன் கையெழுத்துப் போட்டுக் கொடுத்த உரிமையை, 98 வருஷம் கழித்து, சமூகநீதி பேசும் அரசிடம் மறுபடி மனுப்போட்டுக் கேட்க வேண்டியிருந்தது. 12 மணி நேர வேலைக்கு 2023 ஏப்ரலில் மசோதா நிறைவேற்றிவிட்டு, எதிர்ப்புக் கிளம்பியதும் மே தினத்தன்று வாபஸ் என்று சொல்லிக் கைதட்டலும் வாங்கிய அதே அரசு.

யார் ஆயுதம் ஏந்தலாம் என்ற கேள்விக்கு மகாபாரதத்திலேயே பதில் இருக்கிறது. ஏகலைவனிடம் கட்டைவிரலைக் கேட்டார் துரோணர். கேட்டாவது வாங்கினார். நம் பக்கத்துப் பட்டறைகளில் பிரஸ் மெஷின் கேட்பதில்லை. விரல் போனவன் மறுநாள் கைரேகை வைக்கப்போனால், வருகைப் பதிவு மெஷின்தான் முதலில் ‘யார் நீ’ என்று கேட்கும்.

37 நாள் கழித்து வேலைநிறுத்தம் முடிந்தது. உயர் நீதிமன்றம் கெடு வைத்த பிறகு, 2025 ஜனவரி 27 அன்று சங்கம் பதிவானது. சில நாட்களிலேயே சங்க நிர்வாகிகள் சிலர் சஸ்பெண்ட். வரம் கொடுத்த கையோடு சாபமும் கொடுப்பது புராண வழக்கம்தானே.

இப்போது டெல்லியிலிருந்து புதிய தொழிலாளர் சட்டத் தொகுப்பு வந்திருக்கிறது. 2025 நவம்பர் 21 முதல் அமல். வேலைநிறுத்தம் செய்ய 14 நாள் முன்பே நோட்டீஸ் தர வேண்டும். அதுகூடப் பரவாயில்லை. ஆலையில் பாதிப்பேர் பேசிவைத்து ஒரே நாளில் கேஷுவல் லீவு போட்டால் அதுவும் வேலைநிறுத்தமாம்.

ஆகவே ஒரகடத்து நண்பர்களே, பூஜைக்கு மறுநாளும் சேர்த்து லீவு எழுதுவதற்கு முன் தலையை எண்ணிக்கொள்ளுங்கள். பொரி வாங்க வரிசையில் நிற்கும்போதே எண்ணிவிடலாம். அந்த ஒரு வரிசைக்குத்தான் இன்னும் நோட்டீஸ் தேவையில்லை.