பழைய சுருளில் புதிய படம்

கேள்வி: யாரோ எடுத்த பழைய படச்சுருளை வெட்டி ஒட்டிவிட்டுக் கலை என்கிறார்களே, இது நியாயமா?
— வாசகர், இத்தலார்

பதில்: நியாயம்தான். கேமரா பிடித்தவர் ஒன்றைப் பார்த்து எடுத்திருப்பார். அதன் ஓரத்தில் அவர் கவனிக்காத பத்து விஷயங்கள் பதிந்திருக்கும். அவற்றைத் தேடி எடுப்பவருக்கும் கண் வேண்டும். பழைய சுருள்களைக் கோத்து பில் மாரிசன் எடுத்த 'டெகேசியா' படத்தில் (2002) நைட்ரேட் சுருள் அரித்துப்போய், குத்துச்சண்டை வீரர் ஒருவர் தன்னை விழுங்க வரும் கறையையே குத்திக்கொண்டிருக்கிறார். அந்த எதிரியைப் படமெடுத்தவர் அனுப்பவில்லை, காலம் அனுப்பியது! பெங்களூரு கலைஞர் ஆயிஷா ஆபிரகாமோ பொழுதுபோக்காகப் படமெடுத்த ஒருவரின் சுருள்களிலிருந்து 'ஸ்ட்ரெயிட் 8'ஐ உருவாக்கினார்.

மூலம் கெடாதா என்பீர்கள். வெட்டுவது நகலைத்தான், மூலத்தில் கத்தரி வைத்தால் நானும் உங்கள் கட்சி. குடும்பப் படமென்றால் வீட்டாரின் சம்மதமும் கட்டாயம். ஆனால், யாரும் தொடாமல் விடுவதால் சுருள் பிழைத்துவிடாது. நடராஜ முதலியாரின் ஊமைப்படமான 'கீசக வதம்' இன்று நம்மிடம் இல்லை. உங்கள் ஊட்டியின் இந்துஸ்தான் ஃபோட்டோ ஃபிலிம்ஸ் தயாரித்த 'இந்து' ஃபிலிமில் பதிந்த கறுப்பு வெள்ளை முகங்கள் எத்தனை வீட்டுப் பரணில் கிடக்கின்றனவோ! ஈரம் அதிகமுள்ள மலை ஊர் உங்களுடையது. பூஞ்சை முந்துவதற்குள் இறக்கிப் பாருங்கள்.