பேரன் போட்ட நோட்டீஸ்

வா ராஜா, இப்படித் திண்ணையில உக்காரு. நெல்லு சாகுபடிக்கு நீ எழுதின நோட்டீஸைப் படிச்சேன். சும்மா சொல்லக் கூடாது, பேப்பர் நல்ல வழவழப்பு. கண்ணாடியைத் துடைச்சுப் போட்டுக்கிட்டு ரெண்டு தடவை படிச்சேன். அப்புறம் கண்ணாடியைக் கழட்டிட்டு ஒரு தடவை. மூணு தடவையும் ஒரே அளவுதான் புரிஞ்சுது.

'எக்டேருக்கு 150 கிலோ தழைச்சத்து இடவும்'னு போட்டிருக்கே. தழைச்சத்துன்னு எழுதின மூட்டையை நான் எந்தக் கடையிலயும் பார்த்ததில்லப்பா. அங்க இருக்கறது யூரியா. மேலத்தெரு ஆளு ஒருத்தன் 150 கிலோ யூரியாவைத் தூக்கிட்டு வந்து போட்டுடுவான். யூரியாவுல தழைச்சத்து 46 சதவீதம்தானே? பயிருக்குப் போய்ச் சேர்ந்தது 69 கிலோ. நீ சொன்ன 150 வேணும்னா 326 கிலோ யூரியா, 45 கிலோ மூட்டையில ஏழேகால் மூட்டை. கீழத்தெருக்காரன் இன்னும் கெட்டி. கணக்கைச் சரியாப் போட்டு, எக்டேரை ஏக்கர்னு படிச்சிட்டு, அத்தனையும் ஒரு ஏக்கர்ல கொட்டுவான். எக்டேர்னா ரெண்டரை ஏக்கருக்குத் துளி கம்மின்னு நீ எங்க சொன்னே? நாம மாக்கணக்குல பேசற ஊரு. 144 சதுர அடி ஒரு குழி, 100 குழி ஒரு மா, மூணு மா ஏறக்குறைய ஒரு ஏக்கர். வேற சீமைக்குப் போனா குழியோட அளவே வேற.

ஆனா சாம்பல் சத்துன்னு பேரு வச்சவன் கெட்டிக்காரன்டா. சாம்பல்ல இருக்கற சத்து. பேரே பாதி விளக்கத்தைச் சொல்லிடுது. நீ? 'மணிச்சத்து என்பது பாஸ்பரஸ் பென்டாக்சைடாகக் கணக்கிடப்படுவது'ங்கறே. இருட்டுல தடவறவன் கையில அணைஞ்ச லாந்தரைக் கொடுத்திருக்கே. விளக்க வேண்டாததுக்கு மட்டும் தாராளம். 'நாற்றங்கால்: நாற்று வளர்க்கும் இடம்.' அதை என்கிட்டயா சொல்றே!

பூச்சி மருந்து கதை அதைவிட. முதல் பக்கத்துல 'சிஸ்டமிக் மருந்து'. மூணாம் பக்கத்துல 'ஊடுருவிப் பாயும் மருந்து'. கடைசிப் பக்கத்துல 'உட்பரவும் நஞ்சு'. ஒரே சொல் திரும்பத் திரும்ப வந்தா நல்லாயிருக்காதுன்னு மாத்தினியாக்கும். உனக்கு அது நடையழகு, எனக்கு மூணு பாட்டில் காசு. செடி உறிஞ்சி, சாறு வழியா உடம்பெல்லாம் கொண்டுபோற மருந்து, அந்தச் சாறைக் குடிக்கற பூச்சி சாகும்னு முதல்ல வர்ற இடத்துலயே ஒரு வரி எழுதிட்டு, கடைசி வரைக்கும் அந்த ஒரு பேரையே வச்சுக்க. உங்க அப்பாயி கல்யாணமான நாள்லேர்ந்து என்னை 'இந்தாங்க'ன்னுதான் கூப்பிடறா. ஒரு நாளும் வேற ஆளு திரும்பிப் பார்த்ததில்ல.

அப்புறம் இது என்ன, 'பச்சை முக்கோணம் உள்ள மருந்துகளைத் தேர்ந்தெடுக்கவும்'? டப்பாவுல சாய்சதுரம் போட்டு, அதுல கீழ்ப்பாதிக்குக் கலர் அடிச்சிருப்பான். சிவப்பு கொடிய விஷம், அடுத்தது மஞ்சள், அதுக்கும் கீழே நீலம். பச்சைன்னா நஞ்சே இல்லைன்னு அர்த்தமில்ல, இந்த நாலுல கடுமை கம்மின்னு அர்த்தம். 'எச்சரிக்கை'ன்னு மேல்பாதியில எழுதியும் இருக்கும். நீ பச்சைன்னதோட நிறுத்திட்டே. பச்சைன்னா இந்த ஊர்ல என்ன நினைப்பாங்க? இலை, தழை, கீரை, நல்லது.

பேனாவை அப்புறம் எடு. உன் நோட்டீஸை நேத்து அப்பாயிக்குப் படிச்சுக் காட்டினேன். அடுப்படியில கல்லுப்பு போட்டு வச்சிருக்கா பாரு ஒரு டப்பா, அதுல என்ன கலர் இருக்குன்னு போய்ப் பார்த்துட்டு வா.