தொண்ணூறு மீட்டர் ஒயர்

கேள்வி: கைக்குழந்தை வந்துவிட்டால் பெண் இயக்குநர் சினிமாவுக்கு முழுக்குப் போட வேண்டியதுதானா?

பதில்: பிரெஞ்சு இயக்குநர் ஆக்னெஸ் வர்தா முழுக்குப் போடவில்லை, ஒயர் போட்டார்! 1970களின் நடுவில் மகன் சின்னப் பிள்ளை. வீட்டை விட்டு நகர முடியாது. பாரிஸில் தம் வீட்டு மின்சாரத்திலிருந்து 90 மீட்டர் ஒயரை இழுத்தார். அது எட்டும் தூரமே படப்பிடிப்பு எல்லை. தெருவின் ரொட்டிக்கடைக்காரர், கறிக்கடைக்காரர், தையல்காரர்தான் நட்சத்திரங்கள்! அப்படிப் பிறந்தது ‘டகேரியோடைப்’ என்ற ஆவணப்படம்.

புகைப்படக்காரராக இருந்தவர், 1955இல் ‘லா புவான்ட் கூர்த்’ படத்தை எழுதி இயக்கினார். அப்போது பிரெஞ்சு சினிமாவின் ‘புதிய அலை’ கரைக்கே வரவில்லை. அம்மணி முன்கூட்டியே காலை நனைத்துவிட்டார். 1962இல் ‘க்ளியோ 5 முதல் 7 வரை’. ஓடுவதோ 90 நிமிடம். மீதி அரை மணிக்குக் காசைத் திருப்பிக் கேட்காதீர்கள்! 1985இல் வெனிஸ் திரைப்பட விழாவில் தங்கச் சிங்கம் விருது. 2000இல், சந்தைக்கு ஆகாதென்று வயலில் கொட்டிய உருளைக்கிழங்குக் குவியலில் இதய வடிவக் கிழங்குகளைத் தேடியெடுத்துப் படம்பிடித்தார். 2017இல் கௌரவ ஆஸ்கர்.

2019இல் மறைந்தார். ஒயர் 90 மீட்டர், க்ளியோ 90 நிமிடம், ஆயுள் 90 வருடம். அளந்து வைத்தவர் யாரோ!