வடை சென்டர் ஃபார்வர்டு

போன ஞாயிற்றுக்கிழமை திருவொற்றியூரில் ஒரு கல்யாணம். பந்தியில் பக்கத்து இலைக்கு எங்கள் கல்லூரி அணியின் அந்தக் காலத்து லெஃப்ட் அவுட் வந்து உட்கார்ந்தான். பார்த்ததுமே எனக்கு வயிற்றில் புளியைக் கரைத்தது. சாம்பார் வருவதற்குள் 1986 சீசன் ஆரம்பித்துவிட்டது. இலை ஓரத்தில் உப்பு, அதுதான் கோலி. ஊறுகாயும் பச்சடியும் பேக். வடை சென்டர் ஃபார்வர்டு. அவன் இலையில் ஒரு அணிக்குத்தான் இடம் இருந்ததால் எதிரணிக்கு என் இலையை எடுத்துக்கொண்டான். என் வடையை ஸ்டாப்பராக நிறுத்தி, "இவனை இப்டி வெட்டிக்கினு போனேன் பாரு மச்சான்" என்று ஒரு சுற்றுச் சுற்றிக் காட்டினான். வெட்டி முடிந்ததும் ஸ்டாப்பரை வாயில் போட்டுக்கொண்டான். பரிமாறுகிறவர் மறுபடி அந்தப் பக்கம் வரவே இல்லை.

உங்களுக்கும் இப்படி ஒருவனைத் தெரிந்திருக்கும். தெரியாது என்றால் அநேகமாக நீங்கள்தான் அவன்.

அந்த சீசனின் அரையிறுதியில் உண்மையில் என்ன நடந்தது என்று ஒரேயடியாக எழுதிவைத்துவிடலாம் என்றுதான் பேனாவை எடுத்தேன். நான் அந்த அணியின் எக்ஸ்ட்ரா கோலி. சீசன் முழுக்க பெஞ்சில் இருந்தவன். ஆடியவனுக்குத் தன் கால்தான் தெரியும். மைதானம் தெரிவது பெஞ்சில் இருப்பவனுக்கு. ஆனால் அதைச் சொல்ல ஜூன் மாதத்திலிருந்து வரவேண்டும்.

ஜூன் 22, இரவு பதினொன்றரை. மெக்சிகோவில் அப்போது நண்பகல். ராயபுரத்தில் டி.வி. இருந்த வீடுகளின் ஜன்னல் கம்பியிலெல்லாம் தலைகள். மாரடோனா இங்கிலாந்துக்கு எதிராக ஒன்றைக் கையால் போட்டார், இன்னொன்றைப் பாதி மைதானத்திலிருந்து தனியாகக் கொண்டுபோய்ப் போட்டார். எங்கள் சீசன் அன்றைக்கே நாசமாகிவிட்டது. கல்லூரி திறந்ததும் எங்கள் அணியில் ஒருவன் இன்னொருவனுக்குப் பந்து கொடுப்பது நின்றுபோனது. ஒரே அணியில் பதினொரு மாரடோனா. கையால் போட்டுப் பார்த்தவர்களும் உண்டு. பி.டி. சார் விசில் ஊதி ஊதி நெஞ்சு வலிக்கிறது என்றார்.

மைதானத்தையும் சொல்லவேண்டும். துறைமுகத்தில் நிலக்கரியைக் கையாளக் கூடாது என்று 2011-இல் உயர் நீதிமன்றம் சொல்லும்வரை, கடல்காற்று ராயபுரத்துக்குக் கொண்டுவந்தது உப்பை மட்டுமல்ல. கொடியில் காய்ந்த வேட்டிக்கே கறுப்பு பார்டர் விழும். நாங்கள் வெள்ளை பனியன், எதிரணி நீலம் என்று ஆட்டம் தொடங்கும். இரண்டாம் பாதியில் இருபத்திரண்டு பேரும் ஒரே நிறம். எங்கள் ரைட் பேக் சொந்தக் கேப்டனையே இரண்டு முறை இடறிவிட்டான். அவனுக்குள் வேறு கணக்கும் இருந்தது என்பது தனிக்கதை.

சரி, அந்த கோல். அரையிறுதியில் லெஃப்ட் அவுட் அடித்தானே, அது. ஆட்டம் முடிந்து பஸ்ஸில் வரும்போது அதைப் பெனால்டி பாக்ஸின் ஓரத்திலிருந்து அடித்திருந்தான். பட்டமளிப்பு விழாவுக்குள் இருபத்தைந்து கஜம். அவனுக்குக் கல்யாணம் ஆனபோது, மாமனாருக்குச் சொல்லவேண்டியிருந்ததால், முப்பத்தைந்து. பழைய நேரு ஸ்டேடியத்தை இடித்து 1993-இல் புதிதாகத் திறந்தார்களே, அந்தச் சந்தோஷத்தில் ஐந்து கஜம் கூடியது. முதல் பையன் பிறந்ததும் சென்டர் லைனுக்குப் போய்விட்டான். இரண்டாவது பையனுக்குக் கடல்காற்று எதிர்த்து அடித்தது. பேத்தி வந்தபோது காற்றோடு மழையும் சேர்ந்தது. நடுவில் ஒரு வருஷம் பந்து தோல் பந்தாகி, தண்ணீர் குடித்துக் கனத்து, அவன் கால் வெறுங்காலாகியிருந்தது. பூட்ஸை யாருக்கோ தானம் பண்ணிவிட்டானாம். இப்போதைய நிலவரப்படி பந்து கல்மண்டபம் மார்க்கெட்டிலிருந்து கிளம்புகிறது. அவன் ரிட்டயர் ஆகிவிட்டான், பகலெல்லாம் சும்மாதான் இருக்கிறான். பொங்கலுக்குள் தண்டையார்பேட்டை போய்ச் சேர்ந்துவிடும்.

கூட்டமும் அப்படித்தான். 1949 செப்டம்பரில் ராபின்சன் பூங்காவில் நடந்த தி.மு.க. தொடக்கக் கூட்டத்தில் மழையில் நனைந்ததாகச் சொல்லும் பெரியவர்களையெல்லாம் சேர்த்தால் பூங்கா என்ன, ராயபுரமே கொள்ளாது. எங்கள் அரையிறுதியை நேரில் பார்த்தவர்களும் வருஷா வருஷம் பெருகுகிறார்கள். அன்றைக்கு இருந்தது நாங்கள், அவர்கள், ஒரு பட்டாணி சுண்டல்காரர், கோல் போஸ்ட்டில் கட்டியிருந்த ஒரு ஆடு.

இந்தக் காலத்துப் பையன்களுக்கு இந்த வசதி இல்லை. 2023 ஆகஸ்ட் 12, டியூரண்ட் கோப்பையில் ஈஸ்ட் பெங்காலுக்காக மோகன் பகானுக்கு எதிராக நம் சென்னை நந்தகுமார் ஒரே ஒரு கோல் போட்டு ஜெயிக்கவைத்தார். கேமரா பார்த்துக்கொண்டிருந்தது. அவருக்கு எத்தனை பேரப்பிள்ளைகள் பிறந்தாலும் அந்தப் பந்து ஓரடி பின்னால் போகாது. பாவம்.

எங்களுக்கெல்லாம் கோல் என்றால் வேலை. துறைமுகம், ஐ.சி.எஃப்., கஸ்டம்ஸ், இந்தியன் வங்கி எல்லாவற்றுக்கும் அணி இருந்தது. பந்தை நன்றாக உதைத்தால் ஸ்போர்ட்ஸ் கோட்டாவில் பென்ஷன்வரை போகலாம். அவன் போனான். எக்ஸ்ட்ரா கோலிக்குக் கோட்டா கிடையாது. இதில் எனக்கு வருத்தமே இல்லை என்று வீட்டில் அடிக்கடி சொல்லிக்கொள்வேன்.

ஆக, அந்த அரையிறுதி. போன மாதம் காசிமேட்டில் பந்தாடும் பையன்களிடம் இதே கதையை அவன் அவிழ்த்தான். ஒரு பொடியன், "வீடியோ கீதா அங்கிள்?" என்றான். இவன் அசரவில்லை. "இந்த அங்கிளைக் கேளு, அங்கயேதான் குந்திக்கினு இருந்தான்" என்று என்னைக் காட்டினான். பையன்கள் எல்லாரும் என் முகத்தைப் பார்த்தார்கள்.

நான் எங்கே பார்த்தேன்? கோல் விழுந்தது இடைவேளைக்குச் சற்று முன். நான் குனிந்து வாளியில் எலுமிச்சம்பழம் பிழிந்துகொண்டிருந்தேன். சத்தம் கேட்டு நிமிர்வதற்குள் எல்லாரும் கட்டிப்பிடித்துக்கொண்டிருந்தார்கள். ஐந்து நிமிஷம் கழித்து அத்தனை பேரும் வந்து ஆளுக்கு இரண்டு டம்ளர் குடித்துவிட்டு, சர்க்கரை கம்மி என்று சொல்லிவிட்டுப் போனார்கள்.