வராத பில்லும் வந்த உத்தரவும்

அரசாங்கத்துக்கு வேலை செய்து பணம் வராத ஆள், ஐகோர்ட்டில் பணம் கேட்டுத்தான் ரிட் போடுவான் என்று ஊர் நினைக்கிறது. எங்களைப் போன்ற சின்ன கான்ட்ராக்டர்களுக்கு அவ்வளவு பேராசை கிடையாது. கொடுத்த மனுவை அதிகாரி படித்துப் பார்த்தால் போதும் என்றுதான் கேட்கிறோம்.

நான் கட்டியது ஒரு மழைநீர் வடிகால். அளந்தார்கள், எம்-புக் என்கிற அளவுப் புத்தகத்தில் ஏற்றினார்கள், உதவிப் பொறியாளர் கையெழுத்தும் போட்டார். வடிகாலில் தண்ணீர் ஓடியது, பில்தான் ஓடவில்லை. கீழே கேட்டால் "ஃபைல் மேலே போயிருக்கு" என்பார்கள். மேலே கேட்டால், "இங்கே வரவே இல்லையே!"

வக்கீலிடம் போனேன். "முதல்ல ஒரு ரெப்ரசென்டேஷன் அனுப்புங்க சார், ஒப்புகை அட்டையோட."

"பதில் வந்துட்டா?"

"வராது. அதை நம்பித்தானே கேஸே போடறோம்."

துறை அவருடைய நம்பிக்கையைக் காப்பாற்றியது.

நேரே பணத்தையே கேட்டால் என்ன என்றேன். ஒப்பந்தப் பணத் தகராறு என்றால் சிவில் கோர்ட்டுக்குப் போகச் சொல்லிவிடுவார்களாம். அங்கே கேட்கிற தொகையில் 3 சதவீதம் கோர்ட் ஃபீஸ், அப்புறம் சாட்சி, குறுக்கு விசாரணை. அரசியலமைப்பின் 226-ஆவது பிரிவில், மனுவைப் பரிசீலிக்கச் சொல்லி மேண்டமஸ் ரிட் கேட்டால் செலவு கம்மி. அரசு வக்கீலுக்கும் சங்கடமில்லை. மனுவைப் பரிசீலிப்பதில் யாருக்கு என்ன ஆட்சேபணை இருக்க முடியும்?

அவரும் இல்லை என்றார். உத்தரவு வந்தது: கோரிக்கையின் தகுதிக்குள் கோர்ட் போகவில்லை, எட்டு வாரத்தில் சட்டப்படி பரிசீலித்து முடிவு சொல்ல வேண்டும். வீட்டில் "ஜெயிச்சாச்சு" என்றேன். "எவ்வளவு?" என்றாள் மனைவி. சட்டம் படிக்காதவர்கள் இப்படித்தான் கேட்பார்கள்.

சுப்ரீம் கோர்ட்டுக்கும் இந்த வகை உத்தரவுகளைப் பற்றி மனத்தாங்கல் உண்டு. 1982-இல் வேலை போன தமிழ்நாட்டு ஊழியர் ஒருவர், 18 வருஷம் கழித்து மனு கொடுத்து, அதைப் பரிசீலிக்க உத்தரவும் வாங்கினார். 2008-இல் அந்த வழக்கு சுப்ரீம் கோர்ட்டுக்கு வந்தபோது, பரிசீலித்துப் பதில் சொல்லிவிட்டதாலேயே செத்துப்போன கோரிக்கைக்கு உயிர் வந்துவிடாது என்றார்கள். நியாயம்தான். ஆனால் கடன் பாக்கிக்கு வழக்குப் போடச் சட்டம் தரும் கெடு மூன்று வருஷம். மேஜைக்கு மேஜை நகரும் ஃபைலுக்கு அப்படி ஒரு கெடுவை யாரும் வைத்ததில்லை.

எட்டு வாரம் கடந்தது. கன்டெம்ப்ட் நோட்டீஸ் போனதும், அதுவரை எங்கே இருந்ததென்றே தெரியாத ஃபைல் கையெழுத்தோடு இறங்கி வந்தது. கவனமாகப் பரிசீலித்தார்களாம், நிதி ஒதுக்கீடு இல்லாததால் கோரிக்கை நிராகரிக்கப்படுகிறதாம். தேதியைப் பார்த்தால் எங்கள் நோட்டீசுக்கு முந்தைய நாள்.

வக்கீல் முகத்தில் அப்படியொரு பூரிப்பு. "ரிஜெக்‌ஷன் கையில வந்தாச்சு! இனிமேதான் சார் நிஜமான கேஸ். சர்ஷியோரரிஃபைடு மேண்டமஸ் போடறோம்." மெட்ராஸ் ஐகோர்ட் வக்கீல்களுக்கு அந்தப் பேரைச் சொல்வதிலேயே ஒரு தெம்பு.

"இதுல பணம் கேட்கலாம் இல்லையா?"

"அவசரப்படாதீங்க. இந்த உத்தரவை ரத்து பண்ணி, திரும்பவும் பரிசீலிக்கச் சொல்லிக் கேட்போம்."